மேகாலயாவும் தாலுகா கோர்ட்டும்

அன்புள்ள ஐயாவுக்கு,

உயர்நீதிமன்றத் தலைமை நீதிபதிகளை ஊர் மாற்றுவது பற்றி நீங்கள் எழுதியதை வாசித்தேன். சென்னையிலிருந்து மேகாலயாவுக்கு அனுப்பப்பட்டவர்களுக்காக வருத்தப்பட்டிருந்தீர்கள். எனக்கு வருத்தம் வரவில்லை.

என் அம்மா தன் அண்ணன் மேலும் தம்பி மேலும் பாகப்பிரிவினை கேட்டு 2007இல் தாவா போட்டார். பூர்வீக நிலம். தாத்தா 2002இல் இறந்தார், பாட்டி அவருக்கு முன்பே. அம்மாவுக்குக் கல்யாணமானது 1981இல். வழக்குப் போட்ட பிறகு ஆறு நீதிபதிகள் வந்து போய்விட்டார்கள். ஒருவர் வாதம் முழுக்கக் கேட்டுத் தீர்ப்புக்குத் தேதியும் குறித்தார். அதற்குள் மாறுதல். அடுத்தவர் வந்து "மறுபடி வாதம் சொல்லுங்கள்" என்றார். கடைசியில் 2019இல், யாருக்கு எவ்வளவு பங்கு என்று சொல்லும் முதனிலைத் தீர்ப்பாணை வந்தது, அம்மாவுக்கு ஒன்பதில் ஒரு பங்கு என்று. நிலத்தைப் பிரித்துக் கொடுக்கும் இறுதித் தீர்ப்பாணைக்கான மனு இன்னும் வாய்தாவில் கிடக்கிறது. வக்கீல் ஃபீஸ், குமாஸ்தா செலவு, பஸ் செலவு எல்லாம் நான்தான்.

மாற்றப்பட்ட தலைமை நீதிபதிக்கு அங்கேயும் பங்களா உண்டு, கார் உண்டு. நீதித்துறைச் சுதந்திரம் என்பது நீதிபதிகள் தங்களுக்குள் பேசிக்கொள்ள வேண்டிய விஷயம். அதில் எங்களுக்கு என்ன இருக்கிறது?

(பெயர் வேண்டாம். கொங்குப் பக்கம் என்று மட்டும் போடுங்கள்.)

*

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் கோபம் நியாயம். கடைசி இரண்டு வரிகளை மட்டும் ஒப்புக்கொள்ள முடியவில்லை. ஏன் என்று சொல்ல 1981க்குப் போக வேண்டியிருக்கிறது, கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

நீதிபதி மு.மு. இஸ்மாயிலை நம்மில் பலருக்குக் கம்பராமாயணத்தால்தான் தெரியும். நாகூர்க்காரர். கம்பனைப் பற்றிப் பேசியும் எழுதியும் ஒரு தலைமுறையைக் கட்டிப்போட்டவர். அவருக்கு இன்னொரு முகம் உண்டு. நெருக்கடி நிலைக் காலத்தில், விசாரணையில்லாமல் உள்ளே வைக்கும் மிசா சட்டத்தில் பிடித்த கைதிகளைச் சென்னை மத்தியச் சிறையில் அடித்ததை விசாரிக்க 1977இல் அமைத்த ஆணையத்துக்கு அவர்தான் தலைவர். அடித்தது உண்மை என்று அறிக்கை எழுதினார். 1979இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் தலைமை நீதிபதி ஆனார். 1980 ஜனவரியில் டெல்லியில் ஆட்சி மாறி, நெருக்கடி நிலையைக் கொண்டுவந்த இந்திரா காந்தி திரும்ப வந்தார். 1981 ஜனவரியில் அவரைக் கேரள உயர்நீதிமன்றத்துக்கு மாற்றி உத்தரவு வந்தது.

அந்த அறிக்கைக்கும் இந்த உத்தரவுக்கும் நான் முடிச்சுப் போடவில்லை, அதற்கு ஆதாரம் இல்லை. ஆனால் காரணம் எழுதாமல் ஒருவரை மாற்றினால், ஊரில் ஆளுக்கொரு காரணம் எழுதத்தான் செய்வார்கள். இஸ்மாயில் கேரளா போகவில்லை. வழக்கும் போடவில்லை. விடுப்பு எடுத்தார், அந்த ஆண்டே பதவியை விட்டுவிட்டார். ஓய்வு வயதுக்கு ஏறக்குறைய இரண்டு ஆண்டு பாக்கி இருந்தது.

அவர் இடத்துக்கு மாற்றப்பட்டவர் பாட்னா தலைமை நீதிபதி கே.பி.என். சிங். அவர் சும்மா இருக்கவில்லை. அவருடைய மாறுதலை எதிர்த்த வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. இந்தியத் தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட்டே தன் கோர்ட்டில், தன் சகாக்கள் முன்னால், அபிடவிட் போட வேண்டிய நிலை. என்ன கலந்து பேசினோம், எப்போது பேசினோம் என்று இரண்டு தலைமை நீதிபதிகள் ஒருவர் சொன்னதை இன்னொருவர் மறுத்தார்கள். இதையும் சேர்த்து விசாரித்த எஸ்.பி. குப்தா வழக்கில் 1981 டிசம்பர் 30இல் வந்த தீர்ப்பில் பெரும்பான்மை நீதிபதிகள் மாறுதல் செல்லும் என்றார்கள். கடைசி வார்த்தை அரசுடையது என்பதும் அந்தத் தீர்ப்பால் உறுதியானது. வேண்டாம் என்று போராடிய அதே சென்னை நாற்காலியில் சிங் வந்து உட்கார்ந்தார்.

1993இல் இன்னொரு அமர்வு இதைத் தலைகீழாக்கியது. நியமனமும் மாறுதலும் மூத்த நீதிபதிகளின் கைக்கு வந்தன. அதைத்தான் கொலீஜியம் என்கிறோம். அரசின் கை எடுபட்டது நல்லதுதான். அரசுக்கும் பங்கு தந்து நீதிபதிகளை நியமிக்க வந்த நியமன ஆணையச் சட்டத்தை 2015இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தபோதும் நான் அந்தப் பக்கம்தான் இருந்தேன். ஆனால் மாறுதல் விஷயத்தில் என்ன மாறியது?

2019 ஆகஸ்டில் சென்னைத் தலைமை நீதிபதி தஹில்ரமானியை மேகாலயாவுக்கு மாற்றக் கொலீஜியம் பரிந்துரைத்தது. மறுபரிசீலனை கேட்டார், மறுத்தார்கள், ராஜினாமா செய்தார். பம்பாயில் இருந்தபோது 2002 குஜராத் கலவரத்துக் கூட்டு வன்புணர்வு வழக்கான பில்கிஸ் பானு வழக்கில் ஆயுள் தண்டனைகளை உறுதி செய்த அமர்வில் இருந்தவர் அவர். 2021 நவம்பரில் அடுத்த மாறுதல், சஞ்ஜிப் பானர்ஜி. அவர் சென்னைக்கு வந்து ஓர் ஆண்டுகூட ஆகவில்லை. கொரோனாக் காலத்தில் தேர்தல் கூட்டங்களை அனுமதித்ததற்காகத் தேர்தல் ஆணையத்தின் மேல் கொலைக் குற்றம் சாட்டினாலும் தகும் என்ற பொருளில் நீதிமன்றத்தில் கடுமையாகப் பேசியவர். செப்டம்பர் 16ஆம் தேதியிட்ட பரிந்துரை நவம்பர் 9ஆம் தேதிதான் வெளியே வந்தது. 75 நீதிபதிப் பணியிடங்கள் உள்ள கோர்ட்டிலிருந்து, விரல்விட்டு எண்ணக்கூடிய நீதிபதிகள் உள்ள கோர்ட்டுக்கு. சென்னை வழக்கறிஞர்கள் 237 பேர் கையெழுத்துப் போட்டுக் காரணம் கேட்டார்கள். "சிறந்த நீதி நிர்வாகத்துக்காக" என்பதுதான் தஹில்ரமானி மாறுதலுக்கு எழுதப்பட்ட காரணம்.

பானர்ஜி போகும்போது எழுதிய கடிதத்தில், நீதிமன்ற ஊழியர்கள் வேலை செய்யும் பண்ணையார்த்தனமான சூழலை முழுதாக உடைக்க முடியாமல் போனதே தன் வருத்தம் என்று சொல்லியிருந்தார். நீதிபதி வரும்போது டவாலிச் சேவகர் முன்னால் போக வழி விலகி நின்ற அனுபவம் உங்களுக்கும் இருக்கும் என்பதால் இதைச் சொல்கிறேன்.

ஒரே உயர்நீதிமன்றம், மூன்று தலைமை நீதிபதிகள். முதல் தடவை அரசு, அடுத்த இரண்டு தடவை கொலீஜியம். யார் நியமிப்பது என்பதைப் பற்றி நாம் ஐம்பது வருடமாகச் சண்டை போடுகிறோம். நியமித்தவரை எவ்வளவு நாள், எந்த ஊரில், என்ன காரணம் சொல்லி வைத்திருப்பது என்பதைப் பற்றிப் பேசுவதே இல்லை. எனக்கு இதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது. ஒரு நீதிபதியைப் பதவி நீக்கம் செய்ய நாடாளுமன்றத்தின் இரு அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு ஓட்டு வேண்டும். அவரை இரண்டாயிரம் கிலோமீட்டர் தள்ளி அனுப்ப ஒரு தாள் போதும்.

மாறுதலே கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. மகனும் மருமகனும் அதே கோர்ட்டில் வக்காலத்துப் போடும்போது அப்பா அங்கே நீதிபதியாக இருப்பது யாருக்கும் நல்லதில்லை. கீழ் நீதிமன்றங்களில் பொதுவாக மூன்று வருடத்துக்கொரு முறை மாற்றுவதற்கும் காரணம் உண்டு. உள்ளூர்ப் பெரிய மனிதர்கள் கல்யாணப் பத்திரிகையும் கோயில் பிரசாதமுமாக நீதிபதி வீட்டுக்கு நடக்க ஆரம்பிக்க அவ்வளவு காலம் போதும். உங்கள் மாமாக்களில் ஒருவர் அப்படி நடந்திருந்தால் உங்களுக்கு எப்படி இருந்திருக்கும்?

சரி, இதெல்லாம் மேலே நடப்பது, தாலுகா கோர்ட்டுக்கு என்ன என்கிறீர்கள். இரண்டையும் ஒரே சட்டத்தில் வைத்துப் பார்த்த சம்பவம் ஒன்று உண்டு. 1976, நெருக்கடி நிலை. உயர்நீதிமன்ற நீதிபதிகள் 16 பேரை அரசு ஊர் மாற்றியிருந்தது. சிறைவைத்தவரைக் கோர்ட்டில் நிறுத்தச் சொல்லும் ஆட்கொணர்வு மனுவை விசாரிக்கலாம் என்று ஒன்பது உயர்நீதிமன்றங்கள் சொன்னதை உச்ச நீதிமன்றம் நாலுக்கு ஒன்று என்று தள்ளியது. அந்த ஒருவரான எச்.ஆர். கன்னாவை அடுத்த ஆண்டு ஜனவரியில் தாண்டிப் போய் எம்.எச். பெக்கைத் தலைமை நீதிபதி ஆக்கினார்கள். அந்த 1976இல்தான் 42ஆவது திருத்தம் வந்தது. ஏழைகளுக்கு இலவசச் சட்ட உதவி தர வேண்டும் என்கிற 39ஏ பிரிவு அரசியல் சட்டத்தில் நுழைந்தது அந்தத் திருத்தத்தில்தான். அதே திருத்தம் அரசுக்கு உத்தரவு போட உயர்நீதிமன்றங்களுக்கு இருந்த ரிட் அதிகாரத்தைக் குறைத்தது, மத்தியச் சட்டங்கள் செல்லுமா என்று அவை பார்க்கக்கூடாது என்றது, அரசியல் சட்டத் திருத்தங்களை எந்தக் கோர்ட்டிலும் கேள்வி கேட்க முடியாது என்றது. ஏழைக்கு வக்கீல் கொடுத்து, அவர் போய் நிற்கும் கோர்ட்டின் கையைக் கட்டினார்கள். முதல் இரண்டு கட்டுகளை அவிழ்க்க ஆட்சி மாறி 43, 44ஆவது திருத்தங்கள் வர வேண்டியிருந்தது. மூன்றாவதை 1980இல் மினர்வா மில்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றமே ரத்து செய்தது. 39ஏ நல்லவேளையாகத் தங்கிவிட்டது. அதிலிருந்து முளைத்ததுதான் 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டம். அது நடைமுறைக்கு வரவே 1995 நவம்பர் ஆனது என்பது வேறு கதை.

இப்போது உங்கள் ஆறு நீதிபதிகள். கீழ் நீதிமன்ற நீதிபதிகளை மாற்றும் அதிகாரம் 235ஆவது பிரிவின்படி உயர்நீதிமன்றத்திடம் இருக்கிறது. கலெக்டரிடமோ மந்திரியிடமோ இல்லை. உங்கள் மாமாக்களுக்கு ஆளுங்கட்சியில் ஆள் இருந்தாலும் ஒரு போன் போட்டு உங்கள் முன்சீஃபைத் தூக்க முடியாததற்கு இதுதான் காரணம். நீங்கள் கண்ணால் பார்க்காத சுதந்திரம் இது. அந்த உயர்நீதிமன்றத்தின் தலைமை நீதிபதியே பத்து மாதத்தில் கிளப்பப்படுவார் என்றால், கீழே எத்தனை பணியிடம் காலி, யார் எங்கே தேங்கிய வழக்கோடு இருக்கிறார் என்று உட்கார்ந்து பார்க்க அவருக்கு எங்கே நேரம்? வருகிறவர் கோப்புகளைப் புரிந்துகொள்வதற்குள் பெட்டி கட்ட வேண்டும்.

வாதம் இரண்டாவது தடவை கேட்டதைப் பற்றி. ஒரு நீதிபதி பதிவு செய்த சாட்சியத்தை அடுத்தவர் அப்படியே எடுத்துக்கொண்டு விட்ட இடத்திலிருந்து தொடரலாம், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 18ஆவது கட்டளையில் அதற்கு விதி இருக்கிறது. எழுதி வைத்துவிட்டு வாசிக்காமல் போன தீர்ப்பை அடுத்து வருபவர் வாசிக்கவும் 20ஆவது கட்டளை இடம் தருகிறது. ஆனால் வாதத்தைக் கேட்டு, எழுதாமல் போனால் வழியில்லை. தீர்ப்பு எழுதுகிறவர் காதில் வாதம் விழுந்திருக்க வேண்டும். அதனால் உங்கள் ஐந்தாமவரையோ ஆறாமவரையோ நான் குறை சொல்ல மாட்டேன். குறை, தீர்ப்புக்குத் தேதி குறித்த வழக்குகளை முடிக்காமல் ஒருவரைப் பணியிலிருந்து விடுவித்த ஏற்பாட்டில். வாதம் முடிந்த கட்டுகளுக்குத் தீர்ப்புச் சொல்லாமல் பொறுப்பை ஒப்படைக்கக்கூடாது என்று கறாராக இருந்தால் தமிழ்நாட்டில் எத்தனையோ பேருக்கு ஒரு வருடமாவது மிச்சமாகும். பைசா செலவில்லாத சீர்திருத்தம். இதற்காக யாரும் மறியல் செய்வதில்லை.

அப்புறம், அம்மாவின் பங்கு. நான் வக்கீல் இல்லை, ஆனால் நீங்கள் எழுதியதைப் படித்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். 1989இல் தமிழ்நாடு கொண்டுவந்த சட்டம் அப்போது கல்யாணமாகாத பெண்களுக்கு மட்டும்தான் பூர்வீகச் சொத்தில் சம பங்கு தந்தது, ஆகவே அம்மா அதில் வரவில்லை. 2005இன் மத்தியச் சட்டத்தில் அந்த நிபந்தனை இல்லை. ஆனால் 2005இல் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டும் என்று 2015இல் உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்பில் சொன்னது. 2018இல் இன்னொரு தீர்ப்பு வேறு மாதிரி போனது. உங்களுக்கு 2019இல் கிடைத்த ஒன்பதில் ஒன்று இந்தக் குழப்பத்தின் நடுவில் வந்தது: தாத்தாவையும் இரண்டு மாமாக்களையும் சேர்த்து மூன்றாகப் பிரித்து, தாத்தாவின் மூன்றில் ஒன்றை மறுபடி மூன்றாக்கியிருக்கிறார்கள். 2020 ஆகஸ்ட் 11இல் வினீதா சர்மா வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இதைத் தீர்த்து வைத்தது. அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை. முதனிலைத் தீர்ப்பாணை வந்துவிட்டிருந்தாலும், இறுதித் தீர்ப்பாணை நிலுவையில் இருந்தால் மகளுக்குச் சம பங்கு தர வேண்டும். அப்படியானால் உங்கள் அம்மாவுக்கு மூன்றில் ஒன்று. டெல்லியில் நீதிபதிகள் தங்களுக்குள் பேசிக்கொண்டதுதான் இதுவும்.

இந்தத் தீர்ப்பை வைத்துப் பங்கைத் திருத்தக் கேட்டு உங்கள் வக்கீல் மனுப் போட்டாரா என்று முதலில் கேளுங்கள். போடவில்லை என்றாலோ, ஃபீஸ் கட்டி மாளவில்லை என்றாலோ, மாவட்டக் கோர்ட் வளாகத்தில் இருக்கும் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு அம்மாவையே கூட்டிப் போங்கள். பெண் என்பதால் அவருக்கு வருமான உச்சவரம்பு கிடையாது. சிவில் வழக்குக்கும் வக்கீல் தருவார்கள். போக முடியாவிட்டால் 15100 என்ற எண்ணில் விசாரிக்கலாம். அங்கே நல்ல வக்கீலும் கிடைப்பார், கட்டைப் பிரித்தே பார்க்காதவரும் கிடைப்பார். பிடிக்காவிட்டால் மாற்றித் தரச் சொல்லிக் கேட்கலாம், தயங்க வேண்டாம். சமாதானம் பேசலாம் என்று மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பினால், கையெழுத்துப் போடுவதற்கு முன் நன்றாக யோசியுங்கள். அங்கே முடிந்ததற்கு அப்பீல் இல்லை. ஒன்பதில் ஒன்றுக்கு ஒத்துக்கொண்டுவிட்டு வந்து எனக்குக் கடிதம் எழுதாதீர்கள்.

முதனிலைத் தீர்ப்பாணையின் நகல் கையில் இருக்கிறதா? இல்லையென்றால் இந்த வாரமே நகல் மனுப் போட்டு வையுங்கள்.