ஊசியைக் கண்டால் மயங்கும் பெண் லேப் படிப்பில் சேரலாமா?

வணக்கம் அம்மா. மகள் லேப் டெக்னீசியன் படிப்பா, கால்நடை மருத்துவமா என்று குழம்புகிறாள். ஆனால் பள்ளி மருத்துவ முகாமில் ரத்தம் எடுத்தபோது மயங்கி விழுந்தாள் என்று எழுதியிருந்தீர்கள். அந்த மயக்கத்தை முதலில் பார்த்துவிடுவோம்.

மற்ற பயங்களில் ரத்த அழுத்தம் ஏறும். ரத்தம், ஊசி பயத்தில் மட்டும் அது சட்டென்று இறங்கிவிடும், அதனால்தான் ஆள் சாய்கிறார். கை, கால், வயிற்றுத் தசைகளைப் பத்துப் பதினைந்து விநாடி இறுக்கி, தளர்த்தி, மறுபடி இறுக்கினால் அழுத்தம் விழாது. மனநல ஆலோசகர் இதை முறையாகப் பழக்கிவிடுவார். ஆகவே, மயக்கத்துக்காக இந்தப் படிப்பை ஒதுக்க வேண்டாம்.

கைவேலை பிடிக்குமா என்பதுதான் கேள்வி. 'நரம்பு கிடைக்கவில்லை' என்று நாம் சொல்வதில் நரம்பு என்பது உண்மையில் சிரை என்ற ரத்தக்குழாய். முழங்கை மடிப்பில் அதைக் கண்ணால் தேடக்கூடாது, விரலால் தடவித் தேட வேண்டும். மேலே கட்டும் பட்டை ஒரு நிமிடத்துக்கு மேல் இருக்கக்கூடாது. கையை மூடித் திறக்கச் சொல்லிப் பிழிந்தால் பொட்டாசியம் அளவு பொய்யாக ஏறும். ஊதா மூடி டியூபில் பொட்டாசியம் கலந்த உறைதடுப்பு மருந்து இருக்கிறது. அதை முதலில் நிரப்பிவிட்டு சிவப்பு மூடிக்குப் போனால், ஒரு துளி ஒட்டி வந்தாலும் ரிப்போர்ட் தப்பாகும். 'நீங்கதானே லட்சுமி?' என்று கேட்டால் தூக்கக் கலக்கத்தில் யாரும் தலையாட்டிவிடுவார்கள். 'உங்க பேரு என்ன?' என்றுதான் கேட்க வேண்டும்.

மாட்டுக்கு வந்தால் கதையே வேறு. கழுத்துப் பள்ளத்தில் கட்டைவிரலால் அழுத்தினால் சிரை கயிறு போல எழும்பும். இல்லையென்றால் வாலை நேராகத் தூக்கி, அடிப்பக்கம் நடுவில், இரண்டு எலும்புகளுக்கு இடையே ஊசி போகும். கோழிக்கு இறக்கையின் உள்பக்கம், நாய்க்கு முன்னங்கால். எதுவானாலும் பாதி வேலை பிடிக்கிற ஆளிடம்தான். பிடி தளர்ந்தால் உதை நிச்சயம்!

கால்நடை மருத்துவப் பட்டம் ஐந்தரை ஆண்டு. தமிழ்நாட்டில் மாநில இடங்களுக்கு பிளஸ் டூ மதிப்பெண்தான் கணக்கு, நீட் வேண்டாம். ஆனால் போட்டி கடுமை. லேப் படிப்பில் டிப்ளமோவும் உண்டு, பட்டமும் உண்டு. அங்கே ஒன்றை மட்டும் கறாராகக் கேளுங்கள்: மாணவர்கள் தினமும் நோயாளிகளிடம் ரத்தம் எடுக்கிறார்களா? மருத்துவமனை இணைப்பே இல்லாத ஆறு மாத சான்றிதழுக்குப் பணம் கட்டாதீர்கள்.

விண்ணப்பிக்கும் முன் ஒரு நாள் காலை ஏழு மணிக்கு, வெறும் வயிற்றுக் கூட்டம் நிற்கும்போது, பக்கத்து லேபில் கேட்டுக்கொண்டு அவளை உட்கார வையுங்கள். இன்னொரு நாள் கால்நடை மருந்தகம். எங்கே அவள் எழுந்து கிட்டே போய்ப் பார்க்கிறாள் என்று கவனியுங்கள்.

லேப் படிப்பு என்று முடிவானால், ஹெபடைடிஸ் பி தடுப்பூசி போட்டிருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் ஆறு மாதத்தில் மூன்று தவணை. அந்த ஊசிகளுக்கும் தசையை இறுக்கிக்கொள்ளட்டும், குத்துகிற கையை மட்டும் தளர்வாக விட்டுவிட்டு.