கதிரரிவாள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜப்பானின் ஆட்சியில் இருந்த கொரியாவில் நா ஊன்-க்யூ எடுத்த ‘அரிராங்’ (1926) படத்தைப் பற்றிப் படித்தேன். கொரிய விடுதலை சினிமாவின் தொடக்கம் என்கிறார்கள். ஆனால் கதையில் கொல்லப்படுபவன் கொரியன்தான். ஜப்பானியன் ஒருவனுக்குக்கூடக் கீறல் விழவில்லை. இதில் விடுதலை எங்கே? படத்தின் பிரதியும் இல்லை. சோய் இன்-க்யூ 1946இல் எடுத்த ‘சுதந்திரம் வாழ்க’ இதைவிட மேலில்லையா?

கே.

அன்புள்ள கே.,

சில நாட்களாக இந்தப் படம்தான் மனதில் ஓடிக்கொண்டிருந்தது. பிரதி இல்லாததை விடுங்கள். பார்த்தவர்கள் சொன்ன கதை இருக்கிறது, பாட்டு இருக்கிறது, போதும்.

கேட்டது தப்பில்லை தம்பி. ஆனால் ‘கொரியன்தான்’ என்று எவ்வளவு சுலபமாக எழுதிவிட்டீர்கள்! செத்த ஓ கி-ஹோ யார்? பண்ணையாரின் காரியக்காரன், போலீசின் கையாள். ஜப்பானியனை வில்லனாக்கினால் தணிக்கை விட்டிருக்காது, சரி. அது பாதிக் காரணம்தான். 1920இலிருந்து நெல் உற்பத்தியைப் பெருக்கும் திட்டம் என்றார்கள். விளைந்த அரிசி ஜப்பானுக்குக் கப்பலேறியது. விளைவித்தவன் மஞ்சூரியாவிலிருந்து வந்த தினையைத் தின்றான். களத்துக்கு வந்து அந்த நெல்லைப் பிடுங்கியவன் டோக்கியோக்காரனா? உள்ளூர்க்காரன். அதட்டியதும் கொரிய மொழியில்தான்.

என் அப்பாயி தஞ்சாவூர்ப் பக்கம், குத்தகைக் குடும்பம். வெள்ளைக்காரனை அவள் கண்ணால் பார்த்ததில்லை. காரியக்காரரைத்தான் சொல்வாள். பண்ணைக்கு மரக்காலைக் குவித்து அளப்பாராம், எங்களுக்குத் தலைதட்டி. அந்தத் தட்டலை எனக்குச் செய்து காட்டுவாள். விரல்களை விறைப்பாகச் சேர்த்து, விளிம்பை ஒட்டி, ஒரே இழுப்பு. எண்பது வயதில் எங்கள் பெயர்களெல்லாம் அவளுக்குக் குழம்பின. அந்தக் கை குழம்பவில்லை.

படத்தில், அறுவடைத் திருவிழாவில் ஊரே ஆடிக்கொண்டிருக்கும்போது ஓ கி-ஹோ கதாநாயகனின் தங்கையிடம் அத்துமீறுகிறான். புத்தி பேதலித்துக் கிடக்கும் அண்ணன் யோங்-ஜின் கதிரரிவாளை எடுக்கிறான். பகலெல்லாம் கதிர் அறுக்கிற அரிவாள். கொன்ற பிறகுதான் அவனுக்குப் புத்தி தெளிகிறது. கையைக் கட்டி மலைக்கணவாய் வழியே கூட்டிப்போகிறார்கள், ஊர் பாடுகிறது. சியோலில் தான்சொங்சா கொட்டகையில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு அவன் எதை வெட்டினான் என்று யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. உங்களுக்கு விளக்க வேண்டியிருக்கிறது.

‘சுதந்திரம் வாழ்க’ பற்றிக் கேட்டீர்கள் அல்லவா? பாருங்கள், நல்ல படம். ஆனால் அதே சோய் இன்-க்யூ, விடுதலைக்கு முன் ஜப்பானின் போருக்காகவும் படம் எடுத்தவர். நா ஊன்-க்யூ 1937இல் காசநோயில் போய்விட்டார். முப்பத்தைந்துகூட ஆகவில்லை.