ஸ்கிப்பர் வண்ணத்துப்பூச்சி என்றால் என்ன? ஒரே மாதிரி இருப்பவை எப்படி வேறு வேறு இனமாகின்றன?

தடித்த உடல், பெரிய கண்கள், நுனி கொக்கிபோல் வளைந்த உணர்கொம்பு, விருட்டென்று துள்ளிப் பறக்கும் வேகம். இவை உள்ள வண்ணத்துப்பூச்சிக் குடும்பமே ஸ்கிப்பர். இதன் புழுக்கள் பெரும்பாலும் இலையை மடித்து, பட்டிழையால் தைத்து, அதற்குள் ஒளிந்து வாழும்.

என்னை மிகவும் வியக்கவைத்தது கோஸ்டா ரிக்காவின் குவானகாஸ்டே காட்டில் வாழும் ‘அஸ்ட்ராப்டெஸ் ஃபுல்ஜெரேட்டர்’. நீலம் மின்னும் இந்த ஸ்கிப்பரை 1775 முதல் ஒரே இனம் என்றே எண்ணினார்கள். உயிரியலாளர்கள் டேனியல் ஜான்சென்னும் வின்னி ஹால்வாக்ஸும் அங்கே பல ஆண்டுகள் புழுக்களைச் சேகரித்து வளர்த்தபோது, புழுக்களின் நிறமும் அவை தின்னும் செடியும் வேறுபடுவதைக் கண்டார்கள். மரபணு ஆய்வாளர் பால் ஹீபர்ட் குழுவுடன் மரபணுவையும் ஒப்பிட்டு, இது பத்து இனங்கள் என்று 2004-இல் அறிவித்தார்கள். பத்தா, அதைவிடக் குறைவா என்ற விவாதம் பிறகு எழுந்தது. ஒன்றல்ல என்பது உறுதி.

உணவு இதற்கு ஒரு காரணமாக இருக்கலாம். ஒவ்வொரு செடிக்கும் தனி நச்சுக்காப்பு உண்டு. ஒன்றைச் சமாளிக்கப் பழகிய புழு இன்னொன்றில் தேறுவது கடினம். இப்படித் தலைமுறைகள் பிரிந்துபோயிருக்கலாம், சிறகின் தோற்றம் மட்டும் பெரிதாக மாறவில்லை. ஒரே சீருடையில் வரும் பிள்ளைகள் எந்த வீடு என்பதைச் சாப்பாட்டு டப்பா சொல்லிவிடுவதுபோல.

பல ஸ்கிப்பர்கள் மங்கிய நிறம் என்பதால் அவற்றை அந்துப்பூச்சி என்று பலர் நினைக்கிறார்கள். அவை வண்ணத்துப்பூச்சிகளே, பெரும்பாலானவை பகலில்தான் பறக்கும்.