ரசமணி உரசித் தாலிக்கொடி வெளுத்துவிட்டது

கேள்வி (பெருந்துறை வாசகி): திருவிழாக் கடையில் 3,500 ரூபாய்க்கு ரசமணி (பாதரசத்தைக் கட்டியாக இறுக்கிச் செய்த மணி) வாங்கினேன். "சுத்தமான பாதரசம், மூலிகைச் சாறு விட்டே கட்டியது" என்றார் கடைக்காரர். தாலிக்கொடியில் கோத்துப் போட்டேன். மூன்று வாரத்தில் மணி உரசும் இடமெல்லாம் வெள்ளையாகிவிட்டது. 916 முத்திரை பார்த்து வாங்கிய கொடி. தங்கத்தில் கலப்படமா?

பதில்: வெளுத்ததை வைத்துத் தங்கத்தைச் சந்தேகப்படாதீர்கள். எவ்வளவு நல்ல தங்கமானாலும் பாதரசம் பட்டால் அதோடு கலந்து வெள்ளையாகத்தான் மாறும். இதற்கு ரசக்கலவை என்று பெயர். கல்லூரி ஆய்வகத்தில் அமால்கம் என்பார்கள். மண்ணில் கிடக்கும் தங்கப் பொடியைப் பிடித்தெடுக்கச் சுரங்கக்காரர்கள் பாதரசத்தைத் தேடிப் போனதும் இந்தக் குணத்துக்காகத்தான்.

கடைக்காரர் சொன்னதுதான் தவறு. சுத்தமான பாதரசம் உறைய மைனஸ் 39 டிகிரி குளிர் வேண்டும். நம் ஊர் வெயிலில் கழுத்தில் மணியாக நிற்கிறது என்றாலே அதில் வெள்ளியோ, செம்போ, ஈயமோ, வெள்ளீயமோ சேர்ந்திருக்கிறது. இரும்பு வாணலியில் மயில்துத்தக் (காப்பர் சல்பேட்) கரைசலோடு பாதரசத்தைத் தேய்த்தால் கட்டிப்படும். துத்தத்தில் இருக்கும் செம்பை இரும்பு வெளியே தள்ளுகிறது, அந்தச் செம்பு பாதரசத்தில் கலந்து இறுகுகிறது. இந்த முறையில் எந்த மூலிகைச் சாறு விட்டாலும் கட்டுவது செம்புதான். ரசம் கட்டும் சித்தர் மரபை நான் குறை சொல்லவில்லை. கலவையைச் சுத்தப் பாதரசம் என்று விற்பதும், தங்கத்தோடு போடாதீர்கள் என்று ஒரு வார்த்தை சொல்லாததும்தான் எனக்கு ஆறவில்லை.

இப்போது மணியைக் கழற்றி, இறுக மூடும் கண்ணாடிப் பாட்டிலில் போடுங்கள். அலுமினியப் போசியில் வேண்டாம். அலுமினியத்தின் மேல் காவலாக இருக்கும் படலத்தைப் பாதரசம் குலைத்துவிடும், பாத்திரம் வெள்ளைப் பொடியாக அரிக்கும். மணியைப் பாலில் ஊறப்போட்டுக் குடிக்கும் வழக்கம் வீட்டில் இருந்தால் இன்றோடு நிறுத்துங்கள்.

கொடியை அடுப்பில் காட்டவே காட்டாதீர்கள். சூட்டில் பாதரசம் ஆவியாகிப் பிரியும், தங்கம் மிஞ்சும் என்பது உண்மை. ஆனால் அந்த ஆவியை மூச்சில் இழுத்தால் நுரையீரலும் நரம்பும் கெடும். கொடியையும் தனியாக மூடிய டப்பாவில் வைத்து, புகையை வெளியேற்ற வசதியுள்ள பட்டறைக்குக் கொண்டு போங்கள். "ரசம் பட்டது" என்று பத்தரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள். சொல்லாமல் கொடுத்தால் ஊதுகுழலை வைக்கும்போது அவர் தலையில்தான் விடியும். கொடியின் மேற்பரப்பு கொஞ்சம் மங்கலாகலாம், மெருகு போட்டுக்கொள்ளலாம்.

அப்புறம் பணம். பில் இருக்கிறதா? இல்லையென்றாலும் ஆன்லைனில் பணம் அனுப்பிய பதிவு போதும். முதலில் கடைக்காரரிடம் எழுத்தில் கேளுங்கள். அசையாவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண். அதற்கும் மேல் மாவட்ட நுகர்வோர் ஆணையம். 5 லட்சம் ரூபாய் வரை விலை கொடுத்து வாங்கிய பொருளுக்குக் கட்டணம் கிடையாது, 2 ஆண்டுக்குள் போக வேண்டும். கொடிக்கு ஆன செலவையும் சேர்த்துக் கேளுங்கள். மணியே உங்கள் சாட்சி, அதைத் தூக்கி எறிய வேண்டாம்.

கேள்வி (கோபி வாசகர்): பத்து வயதுப் பையனுக்குச் சொத்தைப் பல். வெள்ளி அடைப்பு விலை குறைவு, பல் நிற அடைப்பு கூடுதல் என்கிறார் டாக்டர். எதைப் போடலாம்?

பதில்: வெள்ளி அடைப்பு என்பதும் ரசக்கலவைதான். எடையில் பாதி பாதரசம். மீதி வெள்ளி, வெள்ளீயம், செம்பு. அது கெட்டி, பல வருஷம் உழைக்கும். ஆனாலும் 15 வயதுக்கு உட்பட்டவர்களுக்கும் கர்ப்பிணிகளுக்கும் பாலூட்டும் தாய்மாருக்கும் அவசியமில்லாமல் போடக் கூடாது என்று பாதரசப் பயன்பாட்டைக் கட்டுப்படுத்தும் மினமாட்டா உடன்படிக்கை நாடுகள் 2022-இல் முடிவெடுத்தன. இந்தியாவும் அதில் உண்டு. பையனுக்குப் பல் நிற அடைப்பே போடுங்கள். உங்கள் வாயில் பழைய வெள்ளி அடைப்பு இருந்து, அது விரிசல் இல்லாமல் நன்றாக இருந்தால் பயந்துபோய்ப் பிடுங்கச் சொல்லாதீர்கள். குடைந்தெடுக்கும்போதுதான் பாதரச ஆவி அதிகமாக வெளியே வரும்.