அங்கே பத்து என்றால் இங்கே எத்தனை? – வாசகர் கேள்வி பதில்

பக்கத்துப் பக்கத்து நேர மண்டலங்களைப் பற்றி வந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில். பத்து மணி நேர வித்தியாசம் என்றால் எல்லோரும் காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்க்கிறார்கள். கால் மணி, ஒரு மணி என்றால் மனக்கணக்கோடு விட்டுவிடுகிறார்கள். வண்டி தவறுவது பெரும்பாலும் இந்தச் சின்ன வித்தியாசத்தில்தான்.

கேள்வி: நேபாள நேரம் இந்திய நேரத்தைவிடக் கால் மணி 'முன்னால்' என்கிறார்கள். முன்னால் என்றால் கூட்டுவதா, கழிப்பதா? ஒவ்வொரு தடவையும் குழம்புகிறது.

குழப்பம் உங்களிடம் இல்லை, அந்தச் சொல்லில் இருக்கிறது. 'ஒரு மணி நேரம் முன்னாலேயே வந்துவிட்டார்' என்றால் சீக்கிரம் வந்தார் என்று பொருள். 'அந்த ஊர்க் கடிகாரம் ஒரு மணி நேரம் முன்னால் இருக்கிறது' என்றால் அங்கே மணி கூடுதல். ஒரே சொல் இரண்டு திசையிலும் இழுக்கிறது. 'முந்தி'யும் அப்படித்தான். ஆகவே பிறருக்கு எழுதும்போது இந்தச் சொற்களையே விட்டுவிடுங்கள். 'தில்லியில் 10:00, காத்மாண்டுவில் 10:15' என்று ஜோடியாக எழுதினால் தப்பாகப் படிக்கவே முடியாது.

அந்த ஜோடியைக் கண்டுபிடிக்க உலகப் பொது நேரமான யுடிசியோடு ஒவ்வொரு ஊருக்கும் உள்ள எண் போதும். பாகிஸ்தான் +5, இந்தியாவும் இலங்கையும் +5:30, நேபாளம் +5:45, வங்கதேசம் +6, மியான்மர் +6:30. எண் பெரிதாக உள்ள இடத்தில் மணி கூடுதல். இரண்டு எண்ணுக்கும் உள்ள இடைவெளிதான் வித்தியாசம். கழித்தல் குறி வரும் இடத்தில் மட்டும் ஒரு நொடி நில்லுங்கள். குளிர்காலத்தில் நியூயார்க் −5, சிகாகோ −6. ஆறு பெரிது என்று கை பழக்கத்தில் எழுதிவிடும். ஆனால் −5தான் பெரிய எண், நியூயார்க்கில்தான் மணி கூடுதல்.

பக்கத்து நாடு என்றால் வித்தியாசம் சின்னதாகத்தான் இருக்கும் என்றும் நினைக்க வேண்டாம். சீனா +8, ஆப்கானிஸ்தான் +4:30. நூறு கிலோமீட்டருக்கும் குறைவான அந்த எல்லையின் இரு பக்கத்துக்கும் இடையே மூன்றரை மணி நேரம்.

கேள்வி: தில்லி – காத்மாண்டு விமானத்துக்குப் போகும்போது 10:00 – 11:50, திரும்பும்போது 13:00 – 14:20 என்று சீட்டில் இருக்கிறது. ஒரே தூரத்துக்கு அரை மணி வித்தியாசமா? அச்சுப் பிழையா?

பிழை இல்லை. விமானச் சீட்டில் புறப்படும் நேரம் புறப்படும் ஊரின் நேரம், சேரும் நேரம் சேரும் ஊரின் நேரம். 11:50 காத்மாண்டு நேரம் என்பது தில்லியில் 11:35. பயணம் 1 மணி 35 நிமிடம். திரும்பும்போது 13:00 என்பது தில்லியில் 12:45. அங்கிருந்து 14:20 வரை அதே 1 மணி 35 நிமிடம். கால் மணி ஒரு தடவை கூடியும் ஒரு தடவை குறைந்தும் தெரிவதால் இடைவெளி அரை மணியாகக் கண்ணில் படுகிறது.

ஒரு குறுக்கு வழி: போக ஆகும் நேரம், வர ஆகும் நேரம் இரண்டையும் சீட்டில் உள்ளபடியே கூட்டிப் பாதியாக்குங்கள். 1:50 + 1:20 = 3:10, பாதி 1:35. எதிர்க்காற்றால் ஒரு திசையில் கூடுதல் நேரம் பிடிக்கும் நீண்ட பயணங்களில் இது தோராயமாகத்தான் வரும். குறுகிய பயணத்துக்கு நன்றாகவே பொருந்தும்.

கேள்வி: தாய்லாந்திலிருந்து ரயிலில் மலேசியா போக வேண்டும். எல்லையில் வண்டி மாற அரை மணி இடைவெளி போதுமா?

முதலில் அந்த அரை மணி உண்மையிலேயே இருக்கிறதா என்று பாருங்கள். தாய்லாந்து +7, மலேசியா +8. எல்லையில் உள்ள பாடாங் பெசார் நிலையம் மலேசியப் பக்கம் இருக்கிறது. ஆனால் ஹாட் யாயிலிருந்து அங்கே வரும் தாய்லாந்து ரயிலின் அட்டவணை தாய்லாந்து நேரத்தில், மலேசிய ரயிலின் அட்டவணை மலேசிய நேரத்தில். ஒரே நிலையத்துக்கு இரண்டு நேரம்.

உதாரணத்துக்கு, தாய்லாந்து ரயில் 9:50க்கு வருகிறது, மலேசிய ரயில் 10:25க்குப் புறப்படுகிறது என்று வைத்துக்கொள்வோம். 35 நிமிடம் இருப்பதுபோல் தெரியும். ஆனால் நீங்கள் இறங்கும்போது நிலையத்துக் கடிகாரம் 10:50 காட்டும். வண்டி போய் 25 நிமிடம் ஆகியிருக்கும். எதிர்த்திசையில் கதை தலைகீழ். மலேசிய ரயில் 11:40க்கு வந்து, தாய்லாந்து ரயில் 11:20க்குப் புறப்பட்டால் 'போய்விட்டது' என்று அடுத்த வண்டிக்குச் சீட்டு எடுத்துவிடுவார்கள். உண்மையில் கையில் இன்னும் 40 நிமிடம் இருக்கிறது. அட்டவணையை எழுதிக்கொள்ளும்போது ஏறப்போகும் இரண்டாவது வண்டியின் நேரத்துக்கு எல்லாவற்றையும் மாற்றி ஒரே வரிசையில் எழுதுங்கள். இறங்கும் நேரத்தை மட்டும் மாற்றினால் போதும், வேலை குறைவு. அப்புறம் குடியேற்றச் சோதனைக்கு எத்தனை நிமிடம் என்று பாருங்கள்.

சாலை வழியாகக் கடப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. இரு பக்கச் சோதனைச் சாவடியும் காலை 6 முதல் இரவு 10 வரை திறந்திருக்கும், ஒவ்வொன்றும் தன் நாட்டு நேரப்படி என்று வைத்துக்கொள்வோம். ஒரு மணி நேர வித்தியாசம் இருந்தால் இரண்டும் சேர்ந்து திறந்திருப்பது 16 மணி நேரம் அல்ல, 15தான். மேற்கொண்டு, தாய்லாந்து நேரம் 9:30க்கு அந்தப் பக்கம் முத்திரை குத்தி அனுப்பிவிடுவார்கள். மலேசியப் பக்கம் மணி 10:30, ஜன்னல் சாத்தியிருக்கும். இரண்டு சாவடிக்கும் நடுவில் மாட்டிக்கொள்வது இப்படித்தான்.

ரஷ்ய ரயில்களைப் பற்றி ஒரு சிறு குறிப்பும் இங்கேயே: நாடு முழுவதும் சீட்டில் மாஸ்கோ நேரம் அச்சிடும் வழக்கம் 2018 ஆகஸ்ட் 1 முதல் இல்லை. இப்போது உள்ளூர் நேரம். பழைய வழிகாட்டிகளை நம்பிக் கணக்குப் போட வேண்டாம்.

கேள்வி: அழைப்பில் 'சி.எஸ்.டி. 3 மணி' என்று வந்தது. எந்த நேரம்?

அனுப்பியவரைக் கேட்பதைத் தவிர வழியில்லை. அமெரிக்காவின் மத்திய நேரமும் (−6) அதுதான், சீன நேரமும் (+8) அதுதான், கியூபா நேரமும் (−5) அதுதான். அதேபோல் 'ஐ.எஸ்.டி.' என்ற ஒரே சுருக்கத்தை இந்தியா, அயர்லாந்து, இஸ்ரேல் மூன்றும் பங்குபோட்டுக்கொள்கின்றன. சுருக்கெழுத்துக்குப் பதில் 'சிகாகோ நேரம்' என்று ஊர்ப் பெயரைப் போடச் சொல்லுங்கள்.

கேள்வி: வாராவாரம் திங்கள் காலை 10 மணிக்கு பிரிஸ்பேன், சிட்னி இரண்டு ஊர்க்காரர்களும் சேர்ந்து பேசும் கூட்டம். செப்டம்பர் வரை ஒழுங்காக நடந்தது. அக்டோபரில் பாதிப் பேர் ஒரு மணி நேரம் தள்ளி வருகிறார்கள். ஏன்?

நேர வித்தியாசம் இரண்டு ஊர்களுக்கு மட்டும் உரிய விஷயம் அல்ல. இரண்டு ஊர்களோடு ஒரு தேதியும் சேர வேண்டும். சிட்னி அமைந்துள்ள நியூ சவுத் வேல்ஸ் அக்டோபர் முதல் ஞாயிறன்று கடிகாரத்தை ஒரு மணி கூட்டி வைத்து (இதுதான் கோடைக்கால நேரம்), ஏப்ரல் முதல் ஞாயிறன்று பழையபடி வைக்கிறது. பிரிஸ்பேன் உள்ள குயின்ஸ்லாந்து எதையும் மாற்றுவதில்லை. எனவே ஏப்ரல் முதல் அக்டோபர் வரை, அங்கே குளிர்காலத்தில், இரு ஊரிலும் ஒரே மணி. அக்டோபர் முதல் ஏப்ரல் வரை, அங்கே கோடையில், பிரிஸ்பேனில் 10 என்றால் சிட்னியில் 11.

எல்லா அண்டை ஊர்களுக்கும் இந்தத் தொல்லை இல்லை. ஐரோப்பிய ஒன்றியத்தில் மார்ச், அக்டோபர் மாதங்களின் கடைசி ஞாயிறன்று, யுடிசி 1 மணிக்கு எல்லா நாடுகளும் ஒரே கணத்தில் மாற்றுகின்றன. ஆகவே லிஸ்பனுக்கும் மாட்ரிட்டுக்கும் ஆண்டு முழுவதும் ஒரு மணி வித்தியாசம்தான். அமெரிக்காவில் ஒவ்வொரு மண்டலமும் தன் கடிகாரம் 2 மணி ஆகும்போது மாற்றுகிறது. அதனால் மார்ச் இரண்டாம் ஞாயிறு அதிகாலை நியூயார்க்குக்கும் சிகாகோவுக்கும் இடையே ஒரே ஒரு மணி நேரத்துக்கு வித்தியாசம் இரண்டு மணியாகிவிடும். நவம்பர் முதல் ஞாயிறில் அதேபோல் ஒரு மணி நேரத்துக்கு வித்தியாசமே இருக்காது. இரவு ஷிப்ட் அட்டவணை போடுபவர்களைத் தவிர வேறு யாரும் இதற்காகத் தூக்கம் கெட வேண்டாம். அரிசோனா கடிகாரத்தை மாற்றுவதில்லை. அதற்குள் இருக்கும் நவாஹோ பழங்குடி நிலப்பகுதி மாற்றுகிறது. அதன் நடுவே இருக்கும் ஹோப்பி பகுதி மாற்றுவதில்லை. கோடையில் அந்தப் பக்கம் கார் ஓட்டினால் ஒரே பகலில் மணி பல தடவை மாறும்.

உங்கள் கூட்டத்துக்கு முதலில் முடிவு செய்ய வேண்டியது, 10 மணி யாருடைய 10 மணி என்பது. பிரிஸ்பேன் நேரம் என்றால் காலண்டர் அழைப்பில் நேர மண்டலமாக பிரிஸ்பேனைத் தேர்ந்தெடுங்கள். சிட்னிக்காரர்களுக்கு அக்டோபரில் தானாக 11 என்று மாறிவிடும். சிட்னி நேரம் என்று முடிவானால் சிட்னியைத் தேர்ந்தெடுங்கள், வெறும் '+10' என்று போடாதீர்கள். எண்ணுக்குக் கோடையும் தெரியாது, குளிரும் தெரியாது, ஊருக்குத்தான் தெரியும். அக்டோபரில் பாதிப் பேர் தவறுவதற்குப் பொதுவான காரணம், சிலர் அழைப்பைப் பார்க்காமல் 'திங்கள் பத்து' என்று மனத்தில் வைத்திருப்பது. மாறுவதற்கு முந்தைய வாரம் இரண்டு ஊர் நேரத்தையும் ஜோடியாக எழுதி ஒரு செய்தி அனுப்பிவிடுங்கள்.

அரசுகள் விதியையே மாற்றுவதும் உண்டு. மெக்சிகோ 2022இல் கோடைக்கால நேரத்தைப் பெரும்பாலான பகுதிகளில் கைவிட்டது. அமெரிக்க எல்லையோரம் உள்ள மெக்சிகோ ஊர்கள் பல இன்னும் அமெரிக்காவோடு சேர்ந்து மாற்றுகின்றன. கஜகஸ்தான் 2024 மார்ச் 1இல் நாடு முழுவதையும் +5க்குக் கொண்டுவந்தது. அதுவரை அல்மாட்டி +6. நேர விதிகள் போனின் மென்பொருளோடு வருவதால், அப்டேட் ஆகாத பழைய போன் அல்மாட்டியில் ஒரு மணி கூடுதலாகக் காட்டும். அப்போது கடிகாரத்தைக் கையால் ஒரு மணி குறைத்துவிடாதீர்கள். போன் உள்ளுக்குள் யுடிசியைத்தான் வைத்திருக்கிறது. மணியைத் திருகினால் அதுவும் தவறிப்போய், பிற ஊர் நேரத்தில் குறித்த காலண்டர் பதிவுகள் எல்லாம் இடம் மாறிவிடும். மணியை விட்டுவிட்டு மண்டலத்தை மட்டும் தாஷ்கண்டுக்கு மாற்றுங்கள். அதுவும் +5, கோடைக்கால மாற்றமும் அங்கே இல்லை.

கேள்வி: எல்லையோர விடுதியில் தங்கினால் போன் மணி தானாக முன்னும் பின்னும் ஓடுகிறது. காலை அலாரத்தை எப்படி நம்புவது?

நம்ப வேண்டாம். 'தானியங்கி நேரம்' இயங்கும்போது போன் எந்தக் கோபுரத்தோடு பேசுகிறதோ அந்தக் கோபுரம் சொல்லும் மண்டலத்தை எடுத்துக்கொள்ளும். குயின்ஸ்லாந்தின் கூலங்கட்டாவும் நியூ சவுத் வேல்ஸின் ட்வீட் ஹெட்ஸும் ஒட்டிய ஊர்கள். அறையின் இந்த ஜன்னலில் ஒரு மாநிலக் கோபுரம், அந்த ஜன்னலில் இன்னொன்று கிடைக்கலாம். அலாரம் போன் காட்டும் மணியைப் பார்த்தே அடிக்கும்.

செட்டிங்ஸில் தேதி, நேரம் பகுதிக்குப் போய்த் தானியங்கி மண்டலத்தை நிறுத்துங்கள். மண்டலமாகத் தங்கியிருக்கும் ஊரைத் தேர்ந்தெடுங்கள். மணியைத் தொடாதீர்கள். கையில் கட்டும் ஸ்மார்ட் வாட்ச் போனைப் பின்பற்றும், தனியாக சிம் உள்ளது என்றால் அதையும் பார்த்துவிடுங்கள். எல்லையைக் கடந்த பிறகு தானியங்கியைத் திரும்ப இயக்க மறக்கக் கூடாது. மறந்தால் அடுத்த ஊரில் இதே பிரச்சினை வேறு வடிவில் வரும்.

கேள்வி: கிழக்கே போனால் மணி கூடும் என்பது எப்போதும் சரியா?

இல்லை. ஜகார்த்தா சிங்கப்பூருக்குக் கிழக்கே இருக்கிறது, ஆனால் சிங்கப்பூரில் 10 என்றால் ஜகார்த்தாவில் 9. கூலங்கட்டா சிட்னிக்குக் கிழக்கே. கோடையில் அங்கே மணி ஒன்று குறைவு. வரைபடத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள்.

இதில் உச்சம் சமோவாவும் அமெரிக்க சமோவாவும். ஒன்று +13, மற்றது −11. கடிகாரம் இரண்டிலும் ஒரே மணி காட்டும், தேதிதான் வேறு. சமோவா 2011 டிசம்பர் 30ஐ நாட்காட்டியிலிருந்து அப்படியே தாண்டித் தேதிக் கோட்டின் மறுபக்கம் வந்தது. அதனால் சமோவாவின் ஆப்பியாவில் சனிக்கிழமை மதியம் விமானம் ஏறினால், கிழக்கே ஒரு மணி நேரத்துக்கும் குறைவான பயணத்தில் அமெரிக்க சமோவாவின் பாகோ பாகோவில் வெள்ளிக்கிழமை இறங்குவீர்கள். விடுதி அறையை வெள்ளி இரவுக்கு எடுத்திருக்க வேண்டும்.

கேள்வி: எக்செல்லில் காத்மாண்டு நேரங்களை இந்திய நேரத்துக்கு மாற்றினேன். 0.15 கழித்தால் விடை தாறுமாறாக வருகிறது. வேறு விதமாகச் செய்தால் சில கட்டங்களில் '####' வருகிறது.

எக்செல்லுக்கு ஒரு முழு நாள்தான் 1. கால் மணி என்பது நாளில் 1/96. 0.15 கழித்தால் 3 மணி 36 நிமிடம் கழிந்துவிடும். 1/96ஐக் கழியுங்கள்.

'####' வருவது நள்ளிரவை ஒட்டிய நேரங்களில். தேதி இல்லாத 00:10இல் 15 நிமிடம் கழித்தால் விடை பூஜ்யத்துக்குக் கீழே போகிறது; கழித்தல் நேரத்தை எக்செல் காட்டாது. கட்டம் குறுகலாக இருந்தாலும் இதே குறி வரும், எனவே முதலில் அகலப்படுத்திப் பாருங்கள். வகுத்தால் வரும் மீதியைத் தரும் 'மாட்' (MOD) ஃபங்ஷனை 1ஓடு பயன்படுத்தினால் 23:55 என்று சரியாக வரும். ஆனால் அது முந்தைய நாளின் 23:55 என்பது எங்கும் தெரியாது. அதனால் தேதியையும் நேரத்தையும் ஒரே கட்டத்தில் சேர்த்து வைத்துக் கழிப்பதே நல்லது. 15ஆம் தேதி 00:10 என்பது 14ஆம் தேதி 23:55 ஆக வந்து நிற்கும்.