தேவிபட்டினத்தில் ஜெருசலேம் ஆர்டிசோக் முளைக்கவில்லையா?

வணக்கம் அண்ணே. ஆன்லைனில் வாங்கிய ஜெருசலேம் ஆர்டிசோக் கிழங்கை நட்டு ஒரு மாதமாகியும் முளை வரவில்லை, உப்புத்தண்ணிதான் காரணமா என்று கேட்டிருந்தீர்கள். எனக்கென்னவோ தண்ணீர்மேல் சந்தேகம் வரவில்லை. அது கிழங்கின் உறக்கம்.

சூரியகாந்தி இனத்துச் செடி இது, சொந்த ஊர் வட அமெரிக்கா. அங்கே குளிர்காலம் முழுக்கப் பனி மூடிய மண்ணுக்குள் கிடந்து, குளிர் பட்டபிறகுதான் வசந்தத்தில் கண் திறக்கும். அந்தக் குளிரில்தான் கிழங்கில் இருக்கிற இன்யூலின் என்ற நார்ச்சத்தில் ஒரு பங்கு சர்க்கரையாக மாறி இனிப்பும் கூடும். நம் கடற்கரையில் மார்கழியிலும் அந்தக் குளிர் ஏது?

ஒன்றைத் தோண்டி அழுத்திப் பாருங்கள். பொதபொதவென்று அமுங்கினால் போச்சு. கெட்டியாக இருந்தால் ஈரமான ஆற்றுமணலில் புதைத்து, ஃபிரிட்ஜின் காய்கறித் தட்டில் 6 முதல் 8 வாரம் வையுங்கள். தோல் மெல்லிசு, வெளியே விட்டால் சுருங்கிவிடும். கடல்மணல் வேண்டவே வேண்டாம்.

பிறகு தை மாதம், அடைமழை ஓய்ந்ததும், கண்மாய் வண்டலும் மக்கிய ஆட்டுப்புழுக்கையும் கலந்த மேட்டுப்பாத்தியில் 4 அங்குல ஆழத்தில் நடுங்கள்.

ஆனால் வட அமெரிக்காவில் நீண்ட கோடைப் பகலில் ஆளுயரம் தாண்டி வளர்ந்து, பகல் குறையும்போது கிழங்கு வைக்கிற செடி இது. நமக்கு ஆண்டு முழுக்கப் பகல் சுமார் 12 மணி நேரம்தான். செடி குட்டையாகவும் கிழங்கு சிறுத்தும் போக வாய்ப்பு அதிகம். ஒரு பாத்தி போதும், மிச்ச இடத்தில் சர்க்கரைவள்ளிக் கொடி போடுங்கள்.

கிழங்கு கிடைத்தால் முதல் நாள் கொஞ்சமாகச் சாப்பிடுங்கள், இன்யூலின் சிலருக்கு வாயுத்தொல்லை கொடுக்கும்.