வியட்நாமின் ஹா ஜியாங் மலைகளுக்கு வழிகாட்டியுடன் பல நாள் பயணம் போவது தேவைதானா? மலைவாழ் மக்களின் ஊர்களை இப்படிச் சென்று பார்ப்பது முறையா?

கேட்டிருப்பவை இரண்டு கேள்விகள். பைக்கை வாடகைக்கு எடுத்துத் தாமாகவே சுற்றி வர முடியும்போது வழிகாட்டிக்கு எதற்குப் பணம் கொடுக்க வேண்டும் என்பது முதலாவது. சிறுபான்மை இன மக்கள் வாழும் ஊருக்குள் புகுந்து அவர்களை வேடிக்கை பார்ப்பது சரிதானா என்பது இரண்டாவது. ஓர் அக்டோபர் மாதத்தில் அந்தப் பக்கம் போய் வந்தவன் என்ற முறையில், இரண்டுக்கும் ஒரே விடைதான் என்று எனக்குத் தோன்றுகிறது. உங்களை அழைத்துச் செல்பவர் அந்த மலையிலேயே பிறந்தவராகவும் அங்குள்ள ஊர்களின் மொழியைப் பேசுபவராகவும் இருந்தால் தாராளமாகப் போகலாம். அப்படி ஒருவர் கிடைக்காவிட்டால், அங்கே போவதில் பாதிப் பயன்கூடக் கிடைக்காது.

இடத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். ஹா ஜியாங் வியட்நாமின் வட கோடியில் சீன எல்லையை ஒட்டி இருக்கிறது. தலைநகர் ஹனோயிலிருந்து ஏறத்தாழ 300 கிலோமீட்டர். பேருந்தில் ஆறேழு மணி நேரம் ஆகும். 2025 ஜூலையில் மாகாணங்களை இணைத்தபோது இதைத் துயென் குவாங் மாகாணத்தோடு சேர்த்துவிட்டார்கள் என்றாலும், பேச்சு வழக்கில் பழைய பெயர்தான் நிலைத்திருக்கிறது. குவான் பா, யென் மின், டொங் வான், மியோ வாக் ஆகிய நான்கு வட்டாரங்களில் 2,300 சதுர கிலோமீட்டருக்கும் மேல் பரந்து கிடக்கும் சுண்ணாம்புக்கல் பீடபூமி, 2010 ஆம் ஆண்டில் வியட்நாமின் முதல் புவிப்பூங்காவாக, அதாவது நில அமைப்பின் சிறப்புக்காகப் பாதுகாக்கப்படும் பகுதியாக, உலக அங்கீகாரம் பெற்றது. நாட்டின் பெரும்பான்மையினரான கின் மக்கள் இங்கே சிறுபான்மையினர். மக்கள்தொகையில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினர் மோங் இனத்தவர்; அவர்களுக்கு அடுத்து டாய், ஸாவ், நுங், லோலோ எனப் பல இனத்தவர் வாழ்கிறார்கள்.

தனியாக பைக் ஓட்டுவதைப் பொறுத்தவரை, நம்மவர்களுக்குச் சட்டமே வழியை அடைத்துவிடுகிறது. இந்தியாவிலும் இலங்கையிலும் வழங்கப்படும் சர்வதேச ஓட்டுநர் அனுமதி 1949 ஆம் ஆண்டின் ஜெனீவா உடன்படிக்கையைச் சார்ந்தது. வியட்நாம் ஏற்பது 1968 ஆம் ஆண்டின் வியன்னா உடன்படிக்கையின் கீழ் வழங்கப்படும் அனுமதியை. ஆகவே நம் ஊரில் வாங்கிய அனுமதியைக் காட்டி அங்கே பைக் ஓட்டினால் அது உரிமமில்லாமல் ஓட்டுவதாகத்தான் கணக்கு. வழியில் காவலர்கள் நிறுத்திச் சோதிப்பது வழக்கம். அபராதத்தைக்கூடக் கட்டிவிடலாம், ஆனால் விபத்து நேர்ந்தால், செல்லாத உரிமத்தோடு வண்டி ஓட்டியவருக்குப் பயணக் காப்பீட்டு நிறுவனம் மருத்துவச் செலவைத் தர மறுத்துவிடும். இதை அறியாமல் வாடகைக் கடைக்காரர் தரும் சாவியை வாங்கிக்கொண்டு கிளம்பும் நம் இளைஞர்களை நினைத்தால் எனக்கு உண்மையிலேயே கவலையாக இருக்கிறது. நீங்கள் பின்னிருக்கையில் உட்கார, உள்ளூர்க்காரர் ஓட்டும் முறைக்கு அங்கே 'ஈஸி ரைடர்' என்று பெயர். குடும்பத்தோடு போகிறவர்களுக்குக் கார் கிடைக்கும். அதில் பாதகம் ஒன்றுமில்லை.

அங்கே நீங்கள் போகப்போகும் மலைச்சாலையின் வரலாற்றைத் தெரிந்துகொண்டு போவது நல்லது. ஹா ஜியாங் நகரிலிருந்து டொங் வான் வழியாக மியோ வாக் வரை ஏறக்குறைய 185 கிலோமீட்டர் நீளும் அந்தப் பாதையை 'மகிழ்ச்சிச் சாலை' என்று அழைக்கிறார்கள். 1959 முதல் 1965 வரை, பல்வேறு இனங்களைச் சேர்ந்த இளைஞர்கள் உளியும் சுத்தியலும் கடப்பாரையும் கொண்டு பாறையைக் குடைந்து அதை அமைத்தார்கள். மா பி லெங் கணவாயில் செங்குத்தான மலைமுகத்தை வெட்டுவதற்கு, கயிற்றில் தொங்கியபடியே மாதக்கணக்கில் வேலை செய்திருக்கிறார்கள். அந்த இடத்தில் நின்று, கிடுகிடு பள்ளத்தில் பச்சை நிறத்தில் ஓடும் ஞோ குவே ஆற்றைப் பார்த்தபோது, எங்களை அழைத்துச் சென்றவர் எதிர்ப்பக்கச் சரிவில் ஒற்றையடிப் பாதை ஒன்றைக் காட்டி, சாலை வருவதற்கு முன்பு தன் தாத்தா உப்பு வாங்க அப்படித்தான் நடந்து போய் வருவார் என்றார். உப்புக்காக அத்தனை தூரம் நடந்தவர்களுக்குச் சாலை என்றால் என்ன என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவர் சொல்லியிராவிட்டால், எல்லோரையும் போல நானும் நான்கு படம் எடுத்துக்கொண்டு கிளம்பியிருப்பேன்.

வழிகாட்டி ஏன் உள்ளூர்க்காரராக இருக்க வேண்டும் என்பதற்கு இதைவிடப் பெரிய காரணமும் உண்டு. மலையில் உள்ள வயதான மோங் பெண்கள் பலருக்கு வியட்நாமிய மொழியே சரளமாக வராது. ஹனோயிலிருந்து வரும் வழிகாட்டி எவ்வளவு நல்ல ஆங்கிலம் பேசினாலும், அந்த வீட்டு வாசலில் அவரும் நம்மைப் போலவே அயலார்தான். என்ன பேசுகிறார்கள் என்று கேட்டால் புன்னகைத்துவிட்டுப் பொதுவாக ஏதாவது சொல்வார். எங்களோடு வந்தவர் மோங் இனத்தவர், யென் மின் பக்கத்து ஊர்க்காரர். அவர் வாசலில் நின்று குரல் கொடுத்த விதத்திலேயே, உள்ளே அழைப்பார்களா மாட்டார்களா என்பது முடிவாகிவிடும். அழைக்காத வீட்டுக்குள் அவர் எங்களை ஒருபோதும் கூட்டிச் செல்லவில்லை.

லுங் தாம் என்ற ஊரில் மோங் பெண்கள் நடத்தும் நெசவுக் கூட்டுறவு ஒன்று இருக்கிறது. பெரும்பாலான சுற்றுலாக் குழுக்கள் அங்கே சிறிது நேரம் நின்று, ஒரு பையோ துண்டோ வாங்கிக்கொண்டு போய்விடுகின்றன. நாங்கள் ஒரு முழுப் பிற்பகலும் அங்கேயே இருந்தோம். அவர்கள் நெய்வது பருத்தி அல்ல. கஞ்சா இனத்தைச் சேர்ந்த நார்ச்செடி. செடியை அறுத்துக் காயவைத்துப் பட்டையை நாராக உரித்த பிறகு, ஒரு நாரின் நுனியைப் பிளந்து அடுத்த நாரின் நுனியை அதற்குள் செருகி, விரல்களால் உருட்டி ஒன்றாக்குகிறார்கள். முடிச்சு கிடையாது, இணைத்த இடம் கண்ணுக்கே தெரிவதில்லை. கையில் சுற்றிய நாரோடுதான் சந்தைக்கு நடக்கிறார்கள், பேசுகிறார்கள், பேரக் குழந்தையைப் பார்த்துக்கொள்கிறார்கள். விரல்கள் மட்டும் நிற்பதே இல்லை. நெய்த துணியை மரச் சாம்பல் கலந்த நீரில் வேகவைத்து வெளுக்கிறார்கள். பிறகு அதை ஓர் உருளைக் கட்டையின்மேல் விரித்து, அதன்மேல் தட்டையான கல்லை வைத்து, கல்லின் இரு பக்கமும் கால் வைத்து ஏறி நின்று இடமும் வலமுமாக ஆடுகிறார்கள். சொரசொரப்பாக இருந்த துணி அந்த அழுத்தத்தில் மெல்ல மெல்லப் பளபளப்பாகிறது. அதில் தேன்மெழுகால் கோலம் வரைந்து, அவுரிச் சாயத்தில் மீண்டும் மீண்டும் முக்கி எடுக்கிறார்கள். ஒரு பாவாடைக்குள் எத்தனை மாத உழைப்பு இருக்கிறது என்பதைப் பார்த்த பிறகு அங்கே பேரம் பேச எனக்கு மனம் வரவில்லை. நீங்களும் பேச வேண்டாம் என்றுதான் சொல்வேன்.

அங்கிருந்த பாட்டி ஒருவர், நான் எந்தக் குலம் என்று வழிகாட்டியிடம் கேட்டார். மோங் மக்கள் புதியவரைச் சந்தித்தால் முதலில் கேட்பது அதைத்தான். வாங், ஜியாங், சுங், தாவ் என்று அவர்களுக்குள் குலங்கள் உண்டு. ஒரே குலத்தவர் உடன்பிறந்தவர்களுக்குச் சமம். அவர்களுக்குள் திருமணம் கூடாது. எங்கள் பக்கத்திலும் குலம், கோத்திரம் பார்த்து அப்படித்தான் விலக்குவார்கள் என்று நான் சொன்னதை வழிகாட்டி எடுத்துச் சொன்னதும், பாட்டி நார் இணைப்பதை நிறுத்திவிட்டு என் குடும்பத்தைப் பற்றி ஒவ்வொன்றாகக் கேட்கத் தொடங்கினார். அம்மா இருக்கிறாரா, எத்தனை மாடு, மலையா சமவெளியா என்று அவர் கேட்கக் கேட்க நான் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன். அன்று பெரும்பாலும் கேள்வி கேட்டது அவர்தான். வேடிக்கை பார்ப்பது முறையா என்ற உங்கள் கேள்விக்கு என் பதில் இதிலிருந்துதான் வருகிறது: அவர்களும் உங்களைக் கேட்கவும் பார்க்கவும் வழி இருக்கிற இடத்தில், மறுப்பதற்கான உரிமையும் அவர்களிடம் இருக்கிற இடத்தில், போவதில் தவறில்லை.

தவறாக நடப்பதையும் கண்ணால் பார்த்தேன். தாம் மா என்ற வளைவுச் சாலையின் உச்சியில், முதுகுக் கூடை நிறையப் பூக்களைச் சுமந்துகொண்டு சிறுமிகள் நிற்பார்கள். பயணிகள் அவர்களோடு படம் எடுத்துக்கொண்டு பணம் கொடுப்பார்கள். குளிர்காற்றில் மணிக்கணக்காக அப்படி நிற்கும் பிள்ளைகளில் சிலருக்கு ஐந்து வயதுகூட இருக்காது. பணம் கிடைக்கிறவரை அவர்களைப் பள்ளிக்கு அனுப்பும் எண்ணம் வீட்டில் பலப்படாது. இரக்கத்தால் கொடுக்கிறோம் என்று நாம் நினைப்பதுதான் அவர்களை அந்த இடத்தில் நிறுத்தி வைக்கிறது. மிட்டாய், பேனா என்று எதையும் கையில் திணிக்க வேண்டாம். கொடுக்க விரும்பினால், தங்கும் வீட்டிலும் சந்தையிலும் செலவழியுங்கள். பெரியவர்கள் உழைத்துச் செய்த பொருளுக்கு உரிய விலையைக் கொடுங்கள்.

இரவில் எங்கே தங்குகிறீர்கள் என்பதும் இதே காரணத்தால் முக்கியமாகிறது. 'ஹோம்ஸ்டே' என்று பலகை தொங்கும் எல்லா இடமும் ஒரு குடும்பத்தின் வீடு அல்ல. சில ஊர்களில் வெளியூர் முதலாளிகள் வீட்டைக் குத்தகைக்கு எடுத்து நடத்துகிறார்கள். இளைஞர் கூட்டத்தைக் குறிவைத்து, இரவெல்லாம் சோளச் சாராயமும் கரோக்கேயுமாக நடக்கும் இடங்களும் உண்டு. ஓட்டுநரையும் குடிக்க வற்புறுத்தும் கூட்டத்தோடு மறுநாள் மலைச்சாலையில் போவது உயிரோடு விளையாடுவது. வியட்நாமில் வண்டி ஓட்டுபவரின் உடலில் மது துளியும் இருக்கக் கூடாது என்பது சட்டம். நாங்கள் குவான் பா அருகே நாம் டாம் என்ற ஸாவ் இன ஊரில், மண்ணை இடித்துக் கட்டிய தடித்த சுவருள்ள வீட்டில் தங்கினோம். வீட்டுக்காரம்மாவே சமைத்தார். மலை மூலிகைகளைக் கொதிக்க வைத்து மரத்தொட்டியில் ஊற்றி, உடல்வலி தீரக் குளித்துவிட்டு வரச் சொன்னார். டூ ஜியாவில் டாய் மக்களின் மரத்தூண் வீடுகளில் தங்குவதும் அருமையான அனுபவம்.

சைவ உணவு பற்றிப் பலரும் கேட்பதால் இதையும் சொல்கிறேன். சோறு, வேகவைத்த கீரை, டோஃபு, முட்டை, நிலக்கடலை எல்லாம் கிடைக்கும். ஆனால் காய்கறியைப் பன்றிக் கொழுப்பில் வதக்குவதும் மீன் சாறு சேர்ப்பதும் அங்கே இயல்பு. 'ஆன் சாய்' என்று சொன்னால் சைவம் சாப்பிடுபவர் என்று புரிந்துகொள்வார்கள் என்றாலும், கொழுப்பும் மீன் சாறும் வேண்டாம் என்பதை வழிகாட்டியிடம் முன்கூட்டியே தெளிவாகச் சொல்லிவிடுங்கள். அவர் தங்கும் வீட்டுக்குத் தொலைபேசியில் சொல்லி வைப்பார். மோங் மக்களின் அன்றாட உணவான 'மென் மென்' என்பது மக்காச்சோள மாவை ஆவியில் வேகவைத்த உதிரி உணவு. புட்டு சாப்பிட்டுப் பழகிய நமக்கு அது அந்நியமாகவே தோன்றாது. அந்தச் சோளம் எங்கே விளைகிறது என்பதையும் கேட்டுப் பாருங்கள். வயல் என்று சொல்ல நிலமே இல்லாத பாறைக்காட்டில், கூடையில் மண் சுமந்து வந்து கல் இடுக்குகளில் கொட்டி, ஒவ்வோர் இடுக்கிலும் சில விதைகளை ஊன்றுகிறார்கள்.

எப்போது போகலாம் என்றால், செப்டம்பர் பிற்பகுதியிலிருந்து நவம்பர் வரை நல்ல காலம். அக்டோபர், நவம்பரில் பக்வீட் என்ற தானியச் செடியின் பூக்கள் இளஞ்சிவப்பாகப் பூத்திருக்கும். டிசம்பர் முதல் பிப்ரவரி வரை குளிரும் மூடுபனியும் கடுமையாக இருக்கும். நம் ஊர்ச் சட்டை போதாது. ஜூன் முதல் ஆகஸ்ட் வரை மழை, மண்சரிவு. 2024 ஜூலையில் ஹா ஜியாங்கின் பாக் மே பகுதியில் மண்சரிவில் வேன் ஒன்று சிக்கிப் பதினொரு பேர் இறந்தார்கள். அந்த மாதங்களில் விமானக் கட்டணமும் அறை வாடகையும் குறைவாகக் கிடைத்தாலும் போக வேண்டாம்.

மூன்று நாள் திட்டத்தைவிட நான்கு நாள் திட்டத்தைத் தேர்ந்தெடுங்கள். மூன்று நாளில் முடிப்பவர்கள் நாள் முழுவதும் வண்டியிலேயே இருப்பார்கள். வியட்நாமின் 54 இனங்களைக் குறிக்க 54 சதுர மீட்டர் கொடி பறக்கும் லுங் கூ முனையையோ, சா ஃபின் ஊரிலுள்ள மோங் தலைவரின் பழைய மாளிகையையோ அவசரத்தில் விட்டுவிடுவார்கள். ஞாயிறு காலையில் டொங் வானிலோ மியோ வாக்கிலோ இருக்குமாறு நாட்களை அமைத்துக்கொள்ளுங்கள். அன்றுதான் வாரச் சந்தை. விடியும் முன்பே மலையிறங்கி மாடுகளோடு வரும் குடும்பங்களை மியோ வாக்கில் பார்க்கலாம். முன்பதிவு செய்யும்போது விலையைக் கேட்பதற்கு முன்னால், வழிகாட்டியின் ஊர் எது, அவர் எந்த மொழிகளைப் பேசுவார், ஒரு குழுவில் எத்தனை பேர், இரவு தங்கும் வீடு யாருடையது, எல்லைப் பகுதிக்கான அனுமதிச் சீட்டும் தலைக்கவசமும் கட்டணத்தில் அடங்குமா என்று எழுதிக் கேளுங்கள். இவற்றுக்கு நேரான பதில் வராத நிறுவனத்தை விட்டுவிட்டு வேறொன்றைப் பாருங்கள். ஹா ஜியாங் நகரிலேயே உள்ளூர்க்காரர்கள் நடத்தும் சிறிய நிறுவனங்கள் பல இருக்கின்றன, ஹனோயில் இறங்கிய பிறகுகூட அவர்களைத் தொடர்புகொண்டு ஏற்பாடு செய்துகொள்ளலாம்.